நீதிமன்றத் தமிழில் பொதுச்சொல்லும் கலைச்சொல்லும்: வழக்காற்றுச் சட்டச்சொற்கள் சிலவற்றின் பொருள் வரையறை

ஆய்வுச் சுருக்கம்

சட்டத்தமிழ் பற்றிய ஆய்வுகள் பெரும்பாலும் பிறமொழிச் சொற்களுக்கு ஈடான தமிழ்ச்சொற்களைக் காண்பதிலேயே கருத்துச் செலுத்தி வந்துள்ளன. நீதிமன்றங்களிலும் நாளிதழ்களிலும் பதிவு அலுவலகங்களிலும் வழங்கும் சொற்களை நோக்குமிடத்து, பொருள் மயக்கம் மிகுதியும் பிறமொழிச் சொற்களால் விளைவதன்று. நாம் நன்கு அறிந்த தமிழ்ச்சொற்கள் பல சட்டக் கருத்துகளை ஒருங்கே சுமப்பதனால் அது விளைகின்றது. விடுதலை, கொள்ளை, தடை, சீராய்வு, காவல் முதலிய சொற்களை எடுத்துக்கொண்டு, அவற்றின் பொது வழக்குப் பொருளுக்கும் சட்டப் பொருளுக்கும் உள்ள இடைவெளியை இக்கட்டுரை விளக்குகின்றது. அவ்விடைவெளியைக் குறைக்கும் சொல்லாக்க நெறிகள் சிலவும் இறுதியில் முன்வைக்கப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: சட்டத்தமிழ், நீதிமன்ற வழக்கு, சொற்பொருள் வரையறை, ஆவணத்தமிழ், கலைச்சொல்லாக்கம், ஈழத்துச் சட்டவழக்கு.

முன்னுரை

‘வழக்கு’ என்னும் சொல்லே இவ்வாய்வுக்குரிய சிக்கலை உள்ளடக்கி நிற்கின்றது. இலக்கண நூலார்க்கு அது மக்கள் வழங்கும் மொழி. செய்யுளோடு இணைத்தும் அதனின் வேறுபடுத்தியும் பேசப்படுவது. சமூக நோக்கில் அது மரபாக வந்த நடைமுறை. நீதிமன்றத்தில் அது முறையீட்டாலும் மறுப்பாலும் உருவாகும் பிணக்கு. சிலப்பதிகாரத்து வழக்குரை காதையின் பெயரில் இம்மூன்றாம் பொருளைக் காண்கிறோம். வழங்குதல் என்னும் ஒரே வேரினின்று மூன்று பொருள்கள் கிளைத்துள்ளன; சூழல் எதுவென அறிந்தாலன்றிப் பொருள் துணிய இயலாது.

பொதுமொழியில் இத்தகைய பலபொருள் ஒரு குறையன்று. மொழியின் வளமே ஆகும். சட்டமொழியின் நிலை வேறு. அங்கு ஒரு சொல்லின் எல்லை, ஒருவரின் உரிமைக்கும் கடமைக்கும் எல்லையாகின்றது. ஒருவர் சிறையினின்று வெளிவந்தாரா, குற்றமற்றவர் எனத் தீர்க்கப்பட்டாரா என்பதை ஒரே சொல்லாற் கூறும்பொழுது அவரைப் பற்றிய உண்மையே மாறிவிடுகின்றது. எனவே, சட்டச்சொற்களின் பொருளை வரையறுத்தல் சட்டத்துறையாரின் பணியாக மட்டுமன்றித் தமிழாய்வாளரின் பணியாகவும் அமைகின்றது.

தமிழ்நாட்டில் 1956ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டத்திற்குப் பின்னரும், 1957இல் ஆட்சிச் சொல்லகராதி வெளிவந்த பின்னரும் நிருவாகத் தமிழ் விரைந்து வளர்ந்தது. கீழமை நீதிமன்றங்களில் தமிழ் இடம்பெற்றது. உயர் நீதிமன்ற, உச்ச நீதிமன்ற நடவடிக்கைகளின் மொழி பற்றிய அரசமைப்பின் 348ஆம் உறுப்பு ஆங்கிலத்தையே பொதுவிதியாகக் கொண்டுள்ளது. சென்னை உயர் நீதிமன்றத்தில் தமிழ் வழங்க வேண்டுமெனத் தமிழ்நாடு சட்டமன்றம் 2006இல் தீர்மானம் இயற்றியது. இக்கோரிக்கைக்கு எதிராக வழக்கமாகக் கூறப்படும் காரணங்களுள் ஒன்று, தமிழில் சட்டச்சொற்கள் துல்லியமாக அமையவில்லை என்பது. இக்கூற்று எந்த அளவு உண்மை, எவ்விடத்தில் உண்மை என ஆராய்தல் வேண்டும்.

சொல்லடுக்குகள்

நீதிமன்றத் தமிழ் ஒரே காலத்தில் உருவானதன்று. அதனுள் குறைந்தது நான்கு அடுக்குகளைப் பிரித்துக் காணலாம்.

முதலாவது, பழந்தமிழ் அடுக்கு. வழக்கு, முறை, ஒற்றி, பிணை, ஓலை, கைத்தீட்டு, கரி என்பன இதனுள் அடங்கும். இவற்றுள் ‘கரி’ என்பது சாட்சி என்னும் பொருளில் திருக்குறளில் ஆளப்பட்டுள்ளது; பொய்ச்சாட்சி கூறுவோரைச் சிலப்பதிகாரம் ‘பொய்க்கரியாளர்’ என்கின்றது. இன்று இச்சொல் இப்பொருளில் வழக்கிழந்துவிட்டது.

இரண்டாவது, வடமொழி அடுக்கு. வாதி, பிரதிவாதி, சாட்சி, நியாயம், தண்டனை, அபராதம் என்பன இவ்வகையின. வடமொழியில் ‘அபராதம்’ என்பது குற்றத்தைக் குறிக்கும். தமிழில் அது குற்றத்திற்காகச் செலுத்தும் பணத்தைக் குறிக்கின்றது. கடன்பெற்ற சொல் தமிழ் மண்ணில் தனிப்பொருள் பெற்றமைக்கு இது சான்று.

மூன்றாவது, அரபு, பாரசீக அடுக்கு. நவாபுகளின் ஆட்சிக்கால நிருவாகத்தின் வழியும் பின்னர்க் கும்பினியார் அமைத்த நீதிமன்றங்களின் வழியும் இவை நிலைபெற்றன. வக்கீல், வக்காலத்து, ஜாமீன், ஜப்தி, அமீனா, வாரிசு, தாவா, பிராது, வாய்தா, ராஜி, அசல், நகல், ரத்து, கைது என இப்பட்டியல் நீளும். இவற்றின் மூலப்பொருள் அறியத்தக்கது. ‘வக்கீல்’ என்பவர் ஒருவரால் பொறுப்பு ஒப்படைக்கப்பட்டவர். அப்பொறுப்பை ஒப்படைக்கும் ஆவணமே ‘வக்காலத்து’. ‘அமீன்’ என்றால் நம்பிக்கைக்குரியவர்; சொத்தைக் கைப்பற்ற வரும் அலுவலரை அப்பெயரால் மக்கள் அச்சத்தோடு அழைக்க நேர்ந்தது. ‘வாய்தா’வின் மூலம் வாக்குறுதி என்பதாம், வருவதாக ஒப்புக்கொண்ட நாள் என்னும் பொருளிலிருந்து, வழக்கு ஒத்திவைக்கப்பட்ட நாள் என்னும் பொருள் கிளைத்தது. ‘ராஜிநாமா’ என்பது இசைவு முறியைக் குறித்த சொல். இன்று பொதுத்தமிழில் பதவி விலகலைக் குறிக்கின்றது. ‘ராஜியாகப் போதல்’ என்னும் தொடரில் மட்டும் பழைய பொருள் எஞ்சி நிற்கின்றது.

நான்காவது, ஆங்கில அடுக்கு. உயில், நோட்டீஸ், சம்மன், வாரண்டு, அப்பீல், டிகிரி, செட்டில்மென்ட் என்பன தமிழ் ஒலியமைதி பெற்று வழங்குகின்றன.

இவ்வடுக்குகள் தமிழில் கலந்த வரலாற்றில் மாயூரம் வேதநாயகம் பிள்ளைக்குத் (1826–1889) தனியிடம் உண்டு. முன்சீப்பாகப் பணியாற்றிய அவர், 1805 முதல் 1861 வரையிலான நீதிமன்றத் தீர்ப்புகளைத் தமிழில் தொகுத்து 1862இல் ‘சித்தாந்த சங்கிரகம்’ என வெளியிட்டார். ஆங்கிலம் அறியாத மக்களும் சட்டத்தை அறிதல் வேண்டும் என்னும் நோக்கம் தமிழில் நூற்றறுபது ஆண்டுப் பழைமை உடையது என்பதை இம்முயற்சி காட்டுகின்றது.

ஆட்சி, ஆவணம், காட்சி

தமிழில் மெய்ப்பிப்பு முறைகள் பற்றிய தெளிவான சொல்வகுப்பு இடைக்காலத்திலேயே இருந்தது. பெரியபுராணத்துத் தடுத்தாட்கொண்ட புராணத்தில் திருவெண்ணெய்நல்லூர் அவையோர், வழக்குரைக்கும் முதியவரிடம் ஆட்சி, ஆவணம், காட்சி என்னும் மூன்றனுள் ஒன்றைக் காட்டுமாறு கேட்கின்றனர். ஆட்சி என்பது வழிவழியாக ஆண்டு அனுபவித்து வருதல். ஆவணம் என்பது எழுத்துச் சான்று. காட்சி என்பது கண்டார் கூறும் சான்று. சுந்தரர் கிழித்தெறிந்தது படியோலையே என்றும், மூல ஓலை தம்மிடம் உளதென்றும் முதியவர் கூறுகின்றார். மூல ஓலை வாசிக்கப்பட்டபின், அதிலுள்ள கையெழுத்தைச் சுந்தரருடைய பாட்டனாரின் வேறொரு கையெழுத்தோடு அவையோர் ஒப்பிட்டு நோக்குகின்றனர். ஒப்பிடுவதற்குரிய அவ்வோலை காப்பில் வைக்கப்பட்டிருந்தது.

இக்காட்சியில் அமைந்த கருத்துகளை 1872ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்தோடு ஒப்பிடலாம். மூல ஓலை, படியோலை என்னும் பாகுபாடு, 2024 வரை நடைமுறையில் இருந்த அச்சட்டத்தின் 62, 63ஆம் பிரிவுகள் கூறிய முதல்நிலைச் சான்று, இரண்டாம்நிலைச் சான்று என்னும் பாகுபாட்டுக்கு நெருங்கியது. கையெழுத்தை ஒப்புநோக்குதல் 73ஆம் பிரிவின் பொருளாக இருந்தது. இவ்வொப்பீட்டினால் இன்றைய சட்டம் அன்றே இருந்தது எனக் கொள்ளுதல் பொருந்தாது. அக்கருத்துகளைச் சொல்லும் ஆற்றல் தமிழுக்கு அன்றே வாய்த்திருந்தது என்று மட்டும் கொள்ளலாம்.

இன்றைய வழக்கில் சான்று, சாட்சி, சாட்சியம் என்னும் மூன்றும் ஒன்றற்கு ஒன்று மாற்றாக ஆளப்படுகின்றன. இவற்றைப் பிரித்து ஆள்வது எளிது. சாட்சி என்பது கூறும் ஆளைக் குறிப்பது; சாட்சியம் அவர் கூறியதைக் குறிப்பது; சான்று என்பது ஆவணம், பொருள், கூற்று ஆகிய அனைத்தையும் தழுவுவது. கீழமை நீதிமன்றத் தமிழ்த் தீர்ப்புகள் இப்பாகுபாட்டைப் பேணி வருகின்றன. அரசுத் தரப்புச் சாட்சி ‘அ.சா.’ எனவும், அரசுத் தரப்புச் சான்றாவணம் ‘அ.சா.ஆ.’ எனவும், சான்றுப்பொருள் ‘சா.பொ.’ எனவும் குறிக்கப்படுகின்றன. நீதிமன்றம் பேணும் தெளிவை நூல்களும் இதழ்களும் பேணவில்லை என்பதே இங்குக் கருதத்தக்கது.

‘விடுதலை’ என்னும் சொல்

பொதுச்சொல் சட்டத்தில் எத்துணை மயக்கம் தரும் என்பதற்கு ‘விடுதலை’ சிறந்த எடுத்துக்காட்டு. இச்சொல் குறைந்தது நான்கு வேறுபட்ட சட்ட நிகழ்வுகளுக்கு வழங்குகின்றது.

ஒன்று, விசாரணை முழுமையாக நடந்து, குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை என நீதிமன்றம் தீர்ப்பளிப்பது. இரண்டு, குற்றச்சாட்டு வனைவதற்கே போதிய அடிப்படை இல்லையென விசாரணைக்கு முன்னரே ஒருவரை வழக்கினின்று நீக்குவது. மூன்று, பிணையிலோ தண்டனைக்காலம் முடிந்தோ சிறையினின்று வெளிவருவது. நான்கு, கூட்டுரிமையுள்ள சொத்தில் ஒருவர் தம் பங்கை மற்றப் பங்காளிக்கு விட்டுக்கொடுப்பது. இதற்குரிய ஆவணம் ‘விடுதலைப் பத்திரம்’ எனப்படும்.

முதல் இரண்டிற்கும் இடையிலான வேறுபாடு சட்ட விளைவுடையது. 2024 வரை நடைமுறையில் இருந்த 1973ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 300ஆம் பிரிவின்படி, முறையான விசாரணைக்குப் பின் குற்றமற்றவர் எனத் தீர்க்கப்பட்டவரை அதே குற்றத்திற்காக மீண்டும் விசாரித்தல் இயலாது. குற்றச்சாட்டு வனையுமுன் நீக்கப்படுதல் அவ்வாறு குற்றமற்றவர் எனத் தீர்க்கப்பட்டதாகாது என அப்பிரிவின் விளக்கம் தெளிவாகக் கூறியது. புதிய சான்று கிடைப்பின் அவர்மீது நடவடிக்கை தொடர வாய்ப்புண்டு. ஆகவே, இரண்டையும் ‘விடுதலை’ என எழுதும் செய்தி படிப்போரை ஏமாற்றுகின்றது. மூன்றாவதோ இவ்விரண்டினும் முற்றிலும் வேறானது. பிணையில் வெளிவந்தவர்மீது வழக்கு அப்படியே நிற்கின்றது.

இம்மயக்கத்தைத் தீர்க்கப் புதுச்சொல் தேடி அலைய வேண்டியதில்லை. இருக்கும் சொற்களுக்கு எல்லை வகுத்தாலே போதும். குற்றமற்றவர் எனத் தீர்ப்பதற்கு மட்டும் ‘விடுதலை’ என்பதையும், விசாரணைக்கு முன் நீக்குதற்கு ‘விடுவிப்பு’ என்பதையும், சிறையினின்று வெளிவருதற்கு ‘வெளியேவிடல்’ என்பதையும் வரையறுத்து ஆளலாம். சொத்துவழிப் பத்திரத்தின் பெயர் பதிவுத்துறையில் வேரூன்றிவிட்டமையால் அதனை மாற்ற வேண்டியதில்லை. ‘பங்கு விடுதலை’ என அடைகொடுத்தால் மயக்கம் நீங்கும்.

குற்றம் சாட்டப்பட்டவரும் குற்றவாளியும்

‘குற்றவாளி கைது’ என்னும் தலைப்பு நாளிதழ்களில் அன்றாடம் காணப்படுவது. கைதாகும் நிலையில் எவரும் குற்றவாளியாகார். அப்போது அவர் ஐயத்திற்குரியவர். குற்றச்சாட்டு வனையப்பட்டபின் குற்றம் சாட்டப்பட்டவர். தீர்ப்புக்குப் பின்னரே குற்றவாளி. நீதிமன்ற மொழியில் ‘எதிரி’ என்னும் சொல்லும் குற்றம் சாட்டப்பட்டவரைக் குறிக்க வழங்குகின்றது. பொதுத்தமிழில் பகைவர் எனப் பொருள்படும் இச்சொல், எதிர்நிற்பவர் என்னும் நடுநிலைப் பொருளிலேயே நீதிமன்றத்தில் ஆளப்படுகின்றது. தீர்ப்புக்கு முன்னரே குற்றத்தை உறுதிசெய்யும் ‘குற்றவாளி’யை விட இது எவ்வளவோ நேர்மையான சொல்.

கைது, காவல் ஆகியனவும் இவ்வாறே. கைது என்பது ஒருவரைச் சட்டப்படி பிடித்து நிறுத்தும் செயல். காவல் என்பது அதன்பின் தொடரும் நிலை. கைது செய்யப்பட்டவரைப் பயணநேரம் நீங்கலாக 24 மணிநேரத்திற்குள் நடுவர்முன் நிறுத்த வேண்டும் என அரசமைப்பின் 22ஆம் உறுப்பு பணிக்கின்றது. அதன்பின் நடுவரின் ஆணையால் அமைவது இருவகைப்படும். காவல்துறையின் பொறுப்பில் வைத்து வினவுவதற்கு இசைவளிப்பது ஒன்று. சிறையில் வைத்தல் மற்றொன்று. முன்னதைக் ‘காவல்துறைக் காவல்’ என்றும் பின்னதை ‘நீதிமன்றக் காவல்’ என்றும் வழங்குகின்றனர். ‘நீதிமன்றக் காவல்’ என்பதைக் கேட்போர், நீதிமன்றம் தண்டித்து அடைத்ததாகக் கருதுதல் உண்டு. நீதிமன்றத்தின் பொறுப்பில் சிறையில் இருத்தல் என்பதே அதன் பொருள். தண்டனையோடு அதற்குத் தொடர்பில்லை.

‘ஜாமீன்’ என்பது மூலமொழியில் பொறுப்பேற்கும் ஆளைக் குறித்தது. தமிழில் அது பொறுப்பேற்பின் பேரில் கிடைக்கும் நிவாரணத்தைக் குறிக்கலாயிற்று. எனவே ஆளைக் குறிக்க ‘ஜாமீன்தார்’ எனப் பின்னொட்டுச் சேர்க்க நேர்ந்தது. ‘பிணை’ என்னும் தமிழ்ச்சொல் பிணைத்தல் என்னும் வினையடியாகப் பிறந்தது; பிணை, பிணையாளி, பிணைமுறி எனக் கருத்து, ஆள், ஆவணம் மூன்றையும் ஒரே வேரால் தெளிவுறச் சுட்டவல்லது. ‘முன்பிணை’யில் ஒரு நுட்பம் உண்டு. முன்னதாகவே பிணையில் விடப்படுதல் அன்று அது. கைது நேரின் பிணையில் விடுக என முன்னதாகப் பெறும் ஆணை. ‘முன்’ என்னும் அடை ஆணையின் காலத்தைச் சுட்டுகின்றது. பிணையின் காலத்தைச் சுட்டவில்லை.

களவின் வகைகள்

சொத்துக்கு எதிரான குற்றங்களைத் திருட்டு, கொள்ளை எனப் பொதுத்தமிழ் அளவை நோக்கிப் பகுக்கின்றது. சிறிதளவு போயின் திருட்டு. பெருந்தொகை போயின் கொள்ளை. பூட்டிய வீட்டில் நூறு பவுன் நகை களவு போனால் ‘வீடு புகுந்து கொள்ளை’ என்றே செய்தி வரும். சட்டம் அளவை நோக்குவதில்லை, முறையை நோக்குகின்றது.

1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம் 378ஆம் பிரிவில் திருட்டையும், 383இல் அச்சுறுத்திப் பறித்தலையும், 390இல் கொள்ளையையும், 391இல் கூட்டுக்கொள்ளையையும் வரையறுத்தது. உடைமையாளரின் இசைவின்றி அசையும் பொருளை நேர்மையற்ற கருத்துடன் எடுத்தல் திருட்டு. அச்சத்தில் ஆழ்த்தி அவரே தருமாறு செய்தல் அச்சுறுத்திப் பறித்தல். இவ்விரண்டும் வன்முறையோடோ உடனடி வன்முறை பற்றிய அச்சுறுத்தலோடோ நிகழின் கொள்ளை. ஐவரோ அதற்கு மேற்பட்டோரோ கூடிச் செய்யின் கூட்டுக்கொள்ளை. எனவே ஆளில்லாத வீட்டிலிருந்து எத்துணைப் பொருள் போயினும் அது கொள்ளையாகாது. காவல்துறை வழக்கில் ‘கன்னக்களவு’ எனப்படுவதே அது. ஒருவரைக் கத்தி காட்டி அச்சுறுத்திப் பத்து ரூபாய் பிடுங்கினும் அது கொள்ளையே.

இப்பாகுபாட்டில் அண்மையில் ஒரு புதிய சிக்கல் எழுந்துள்ளது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதா, தன் 304ஆம் பிரிவில் புதியதொரு குற்றத்தை வகுத்துள்ளது. ஒருவரிடமிருந்து திடீரெனவோ விரைவாகவோ வலிந்தோ பொருளைப் பிடுங்கிச் செல்லும் திருட்டு அது. மூன்றாண்டு வரை சிறைத்தண்டனைக்குரியது. கொள்ளைக்கோ 309ஆம் பிரிவின்படி பத்தாண்டு வரையும், பெருவழியில் கதிரவன் மறைவுக்கும் எழுச்சிக்கும் இடையில் நிகழின் பதினான்காண்டு வரையும் தண்டனை உண்டு. தமிழில் சங்கிலிப் பறிப்பு, வழிப்பறி, பணப்பறிப்பு என மூன்றிலும் ‘பறி’ என்னும் ஒரே வேர் நிற்கின்றது. இவை முறையே திருட்டின் புதுவகையையும், கொள்ளையையும், அச்சுறுத்திப் பறித்தலையும் குறிக்க வேண்டியவை. மூன்றாண்டுக்கும் பதினான்காண்டுக்கும் இடையிலான வேறுபாட்டை ஒரு முன்னடை மட்டும் சுமக்கின்றது. புதுக்குற்றத்தைப் ‘பிடுங்கல் திருட்டு’ என வேறு வேரால் சுட்டுதல் தெளிவு தரும். திருட்டின் ஒரு வகையே இக்குற்றம் என்னும் சட்டக்கருத்தையும் அத்தொடர் காட்டும்.

தீர்ப்பு, தீர்ப்பாணை, சீராய்வு

1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 2ஆம் பிரிவில் தீர்ப்பு, தீர்ப்பாணை, ஆணை மூன்றையும் வேறுபடுத்துகின்றது. நீதிபதி தம் முடிவுக்குக் காட்டும் காரணங்களின் கூற்று தீர்ப்பு. தரப்பினரின் உரிமைகளை இறுதியாக அறுதியிட்டுரைக்கும் முறையான வெளிப்பாடு தீர்ப்பாணை; ‘டிகிரி’ என மக்கள் வழங்குவது இதனையே. தீர்ப்பாணை அல்லாத முடிவின் முறையான வெளிப்பாடு ஆணை. மேல்முறையீடு தீர்ப்பாணையினின்று எழுகின்றது. ஆணைகளுள் சட்டம் குறித்துரைத்தவற்றினின்று மட்டுமே எழும். வழக்கில் வென்றவர் நிறைவேற்றக் கோருவதும் தீர்ப்பாணையையே. இவ்வேறுபாட்டை அறியாதார் தீர்ப்பின் படியை மட்டும் பெற்றுவைத்து, வேண்டியது கைக்கு வந்துவிட்டதாகக் கருதுதல் இயல்பு.

‘சீராய்வு’ என்னும் சொல்லிலோ நீதிமன்றமும் இதழ்களும் எதிரெதிராக நிற்கின்றன. நீதிமன்ற வழக்கில் உரிமையியல் சீராய்வு, குற்றவியல் சீராய்வு என்பன, கீழமை நீதிமன்றத்தின் நடவடிக்கையை மேல் நீதிமன்றம் சரிபார்ப்பதைக் குறிக்கும் (உரிமையியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 115). தான் அளித்த முடிவைத் தானே மீண்டும் நோக்குதல் மறுஆய்வு (பிரிவு 114). உச்ச நீதிமன்றம் தன் தீர்ப்பை மறுஆய்வு செய்யும் அதிகாரம் அரசமைப்பின் 137ஆம் உறுப்பில் உள்ளது. இதற்குரிய மனுவை நாளிதழ்கள் ‘சீராய்வு மனு’ என்றே எழுதுகின்றன. குற்றவியல் வழக்கில் தீர்ப்பில் ஒப்பமிட்ட நீதிமன்றம் எழுத்துப்பிழையோ கணக்குப்பிழையோ திருத்துவதன்றி அதனை மாற்றுதல் இயலாது என்பது பொதுவிதி. மேல் நீதிமன்றத்தின் சீராய்வுக்கோ வாய்ப்புண்டு. எனவே ஒன்று அடைபட்ட வாயில், மற்றொன்று திறந்த வாயில். இரண்டற்கும் ஒரே பெயரிடுதல் வழி தேடுவோரைத் திகைக்கச் செய்யும்.

‘தடை’ என்பதும் இத்தன்மையது. ஒரு நீதிமன்றத்தின் நடவடிக்கையையோ தீர்ப்பாணையின் நிறைவேற்றத்தையோ நிறுத்திவைத்தல் வேறு; ஒரு தரப்பினரை ஒரு செயலைச் செய்யாதிருக்குமாறு பணித்தல் வேறு. பின்னதற்கு நீதிமன்றத் தமிழில் ‘உறுத்துக்கட்டளை’ என்னும் தனிச்சொல் உண்டு. உரிமை இன்னாருடையது என அறிவிக்கக் கோருதற்கு ‘விளம்புகை’ என்னும் சொல் வழங்குகின்றது. உறுத்துதல் என்பதற்கு இன்று மக்கள் அறியும் பொருள் கண்ணில் தூசு உறுத்துவதே ஆகையால், வழக்கில் தொடர்புடையோர்க்குக்கூட இச்சொல் விளங்குவதில்லை. எனினும் எல்லை தெளிவான சொல்லாகையால், விளக்கத்தோடு பேணத்தக்கது.

நிலவுரிமை ஆவணச் சொற்கள்

பெரும்பான்மையான மக்கள் சட்டமொழியைச் சந்திக்கும் இடம் பத்திரப்பதிவு அலுவலகமே. அங்கு வழங்கும் கிரயம், ஒத்தி, போக்கியம், அடமானம், குத்தகை, வில்லங்கம், பட்டா ஆகியவற்றின் பொருள் மயங்கினால் நிலமே கைமாறக் கூடும்.

விலைக்கு உரிமையை மாற்றுதல் கிரயம். உரிமையைத் தம்பால் வைத்துக்கொண்டு கடனுக்கு ஈடாக்குதல் அடமானம். 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டத்தின் 58ஆம் பிரிவு அடமானத்தை அறுவகையாகப் பகுக்கின்றது. அவற்றுள் சுவாதீனத்தைக் கடன் கொடுத்தவரிடம் ஒப்படைத்து, விளைவை வட்டிக்கு ஈடாக அவர் அனுபவிக்க விடுவது தமிழர் வழக்கில் ஒத்தி அல்லது போக்கியம் எனப்படுவது. பழந்தமிழ் ‘ஒற்றி’யே இன்றைய ‘ஒத்தி’. சுவாதீனம் தாராமல் சொத்தைப் பொறுப்பாக்குதல் மற்றொரு வகை. குறித்த காலத்தில் கடனைத் திருப்பாவிடின் விற்பனையாகிவிடும் எனும் நிபந்தனையோடு அமைவதும் ஒரு வகை. இது தோற்றத்தில் கிரயம்போலவும் உள்ளியல்பில் அடமானமாகவும் இருத்தலால் வழக்குகள் பலவற்றுக்குக் காரணமாகின்றது.

‘வில்லங்கம்’ என்பது பொதுத்தமிழில் வம்பு, தொல்லை எனப் பொருள்படும். ஆவணத்தமிழில் அது சொத்தின்மீதுள்ள பொறுப்பைக் குறிக்கும். வில்லங்கச் சான்று பதிவு செய்யப்பட்ட நடவடிக்கைகளை மட்டுமே காட்டும். பதிவாகாத உரிமைக் கோரிக்கைகளை அது காட்டாது. எனவே ‘வில்லங்கம் இல்லை’ என்னும் சான்றை, எத்தொல்லையும் இல்லை எனப் பொதுப்பொருளில் கொள்வது தவறு. ‘பட்டா’ வருவாய்த்துறைப் பதிவு. நிலவரி யாருடைய பெயரில் உள்ளது என்பதைக் காட்டுவது. அது உரிமைக்குத் துணைச்சான்று ஆகலாமேயன்றி, உரிமையை உண்டாக்குவதில்லை.

‘பினாமி’ என்பது பெயரற்றது எனப் பொருள்படும் பாரசீகத் தொடர். சட்டத்தில் அது, ஒருவர் பணம் கொடுத்து மற்றொருவர் பெயரில் சொத்து வாங்கும் நடவடிக்கையைக் குறிக்கும். பெயர் கொடுத்தவர் ‘பினாமிதாரர்’. பொதுத்தமிழோ ஆளையே ‘பினாமி’ என்கின்றது.

ஈழத்துச் சட்டவழக்கு தரும் ஒளி

ஈழத்தில் சட்டத்தமிழ் வேறொரு பாதையில் வளர்ந்தது. யாழ்ப்பாணத்தாரின் வழமைகள் ஒல்லாந்தர் ஆட்சியில் 1707இல் தேசவழமை எனத் தொகுக்கப்பட்டு, ஆங்கிலேயர் ஆட்சியில் 1806இல் சட்டவலுப் பெற்றன. முதுசொம், சீதனம், தேடியதேட்டம் என்னும் சொத்துப் பாகுபாடு அதனுள் அமைந்தது. மரபுவழி வந்தது, மணமகளுக்குக் கொடுக்கப்பட்டது, மணவாழ்வில் ஈட்டியது என மூன்றையும் மக்கள் மொழியிலிருந்தே அது பெயரிட்டது. பொதுச்சொல்லே எல்லை வகுக்கப்பட்டுக் கலைச்சொல்லாகிய நல்லதொரு முன்மாதிரி இது.

இன்று வழக்கறிஞரைச் சட்டத்தரணி என்றும், நடுவரை நீதவான் என்றும், நிலப்பத்திரத்தை உறுதி என்றும் ஈழத்தார் வழங்குவர். விசாரணைக்காலத் தடுப்பு அங்கு ‘விளக்கமறியல்’. விளக்கம் என்பது விசாரணை. மறியல் என்பது தடுத்து வைத்தல். தண்டனை அன்று, விசாரணையின் பொருட்டே என்பதைச் சொல்லே உணர்த்துகின்றது. தமிழ்நாட்டு ‘நீதிமன்றக் காவல்’ இத்தெளிவைத் தரவில்லை. எனினும் தமிழ்நாட்டில் ‘மறியல்’ சாலையை மறித்துப் போராடுதலைக் குறிப்பதால், அச்சொல்லை அப்படியே இங்குக் கொணர்தல் இயலாது.

நீதிமன்றப் பெயர்களில் வேறுபாடு இன்னும் கூர்மையானது. தமிழ்நாட்டில் ‘உயர் நீதிமன்றம்’ என்பது மாநில அளவிலானது. அதற்கு மேல் உச்ச நீதிமன்றம். இலங்கையில் ‘உயர் நீதிமன்றம்’ என்பதே நாட்டின் தலைமை நீதிமன்றம். அதற்குக் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றமும் மேல் நீதிமன்றமும் அமைகின்றன. ஒரு நாட்டுச் செய்தியை மற்ற நாட்டார் படிக்கையிலும், இயந்திர மொழிபெயர்ப்புக்குரிய சொற்றொகுதிகளைத் தொகுக்கையிலும் இவ்வேறுபாடு குறிக்கப்படாவிடின் தீர்ப்பின் தகுதியே பிறழ உணரப்படும்.

சொல்லாக்க நெறிகள்

மேற்கண்டவற்றினின்று நான்கு நெறிகளை வகுத்துக்கொள்ளலாம்.

1. ஒரு கருத்துக்கு ஒரு சொல் என்பதினும், ஒரு சொல்லுக்கு ஒரு கருத்து என்பது சட்டத்தில் முதன்மையானது. வக்கீல், வழக்கறிஞர், சட்டத்தரணி என ஒரு பொருட்குப் பல சொல் இருப்பதால் எவர்க்கும் இழப்பில்லை. விடுதலை என்னும் ஒரு சொல்லுக்குப் பல பொருள் இருப்பதால் இழப்புண்டு.

2. பிறமொழிச் சொல்லை நீக்கும்பொழுது அது சுமந்துவந்த எல்லையும் நீங்கிவிடாதபடி காத்தல் வேண்டும். ‘டிகிரி’யை நீக்கித் ‘தீர்ப்பு’ என்று எழுதுவது தமிழாக்கமன்று, கருத்திழப்பு. ‘தீர்ப்பாணை’ என்பதே தமிழாக்கம்.

3. இணைக்கருத்துகளைத் தொகுதியாகப் பெயரிடுதல் வேண்டும். திருட்டு, பிடுங்கல் திருட்டு, அச்சுறுத்திப் பறித்தல், கொள்ளை, கூட்டுக்கொள்ளை என ஒருசேர நோக்கினால்தான் ஒன்று மற்றொன்றின் எல்லைக்குள் புகாமல் தடுக்கலாம். அகரவரிசை அகராதிகள் இப்பணிக்குப் போதா. பொருள்வகை அகராதிகள் வேண்டும்.

4. கீழமை நீதிமன்றங்களில் பல்லாண்டுகளாக வழங்கிவரும் சொற்களை மூலவளமாகக் கொள்ளுதல் வேண்டும். உறுத்துக்கட்டளை, விளம்புகை, சான்றாவணம் முதலியன அகராதிக் குழுக்கள் மட்டும் பேணியவையல்ல. நாள்தோறும் மனு எழுதுவோராலும் தீர்ப்பு எழுதுவோராலும் புழங்கித் தேய்ந்து உறுதிப்பட்டவை.

முடிவுரை

தமிழில் சட்டச்சொற்கள் துல்லியமாக இல்லை என்னும் கூற்று பாதி உண்மை. சொற்கள் உள்ளன, அவற்றுட் பல எல்லையும் உடையன. தீர்ப்பெழுதும் இடத்தில் பேணப்படும் அவ்வெல்லை, தீர்ப்பைப் பற்றி எழுதும் இடத்திலும் பேசும் இடத்திலும் கரைந்துவிடுகின்றது. அதனால் பாதிக்கப்படுவோர், சட்டத்தை ஆங்கிலத்தில் படிக்கும் வாய்ப்பற்றோரே. விசாரணையே தொடங்காத நிலையில் குற்றவாளி எனப் பெயர் பெறுபவரும், வில்லங்கச் சான்றை நம்பி நிலம் வாங்குபவரும், தீர்ப்பின் படியோடு நிறைவடைந்து மேல்முறையீட்டுக் காலத்தைத் தவறவிடுபவரும் அத்தகையோர்.

2024இல் குற்றவியல் சட்டங்கள் மூன்றும் புதியனவாக மாற்றப்பட்ட நிலையில், பாடநூல்களும் படிவங்களும் அகராதிகளும் மீண்டும் எழுதப்பட வேண்டிய காலம் இது. பழைய மயக்கங்களைப் புதிய நூல்களுக்குள் கொண்டுசெல்லாதிருக்க, ஒவ்வொரு சொல்லின் பொது வழக்கையும் நீதிமன்ற வழக்கையும் அருகருகே நிறுத்திக் காட்டும் பொருள்வகை அகராதி ஒன்று இன்றியமையாதது. தமிழ்த்துறைகளும் சட்டக்கல்லூரிகளும் இணைந்து, கீழமை நீதிமன்றத் தமிழ்த் தீர்ப்புகளைத் தரவாகக் கொண்டு இதனை மேற்கொள்ளுதல் தகும்.